பின்னால் நின்று கூப்பிடுவது

குசினி முழுக்கக் கருவாட்டு மணம். நெத்தலியைத் தலை கிள்ளி, எண்ணெய் விடாமல் தாச்சியில் வறுத்து, ஆறவிட்டு, ஒவ்வொன்றையும் இரண்டாக முறித்துப் பழைய பால்மாப் பேணி ஒன்றுக்குள் போட்டு வைத்திருக்கிறேன். சாப்பிட இல்லை. என் ஹவுஸ்கோட் பொக்கற்றுக்குள் இப்போது எந்த நேரமும் ஒரு பிடி கிடக்கிறது. சவுக்காரம் போட்டுத் தோய்த்தாலும் மணம் போகிற பாடில்லை. முந்தாநாள் சீலை உடுத்திக் கோயிலுக்குப் போனபோதும் கை மணந்தது. ஐயர் திருநீறு தரும்போது கையைச் சற்றுத் தள்ளியே நீட்டினேன். நீங்கள் பக்கத்தில் நின்றிருந்தால் "என்னப்பா இது, சந்தைக்குள்ள நிண்ட மாதிரி" என்று மூக்கைச் சுளித்திருப்பீர்கள்.

எல்லாம் உங்கள் நாயால் வந்தது.

கன்னங்கரேல் என்று இருக்கிற நாய்க்குப் பிறவுணி என்று பெயர். முதல் நின்ற மண்ணிற நாய்க்கு நிறத்தைப் பார்த்து இங்கிலீசில் வைத்த பெயர். அது செத்த கையோடு இவனைக் குட்டியாகத் தூக்கி வந்தீர்கள். "பேரையாவது மாத்துவமே" என்று கேட்டேன். "வாய்க்குப் பழகின பேர். இந்த வயசில இன்னொரு பேர் பாடமாக்க எனக்கு ஏலாது" என்றீர்கள். ஒழுங்கையால் போகிற சனம் அந்தப் பெயரைக் கேட்டுச் சிரித்துக்கொண்டு போகும். உங்களுக்கு அதில் சிரிக்க என்ன இருக்கிறது என்றே விளங்கவில்லை. எனக்கு நாய் பூனையில் பெரிய விருப்பம் ஒருநாளும் இருந்ததில்லை, அது உங்களுக்குத் தெரியும். சோறு வைப்பேன், அவ்வளவுதான். இப்போது அந்த நாயைக் கூப்பிட்டால் வரப் பழக்குவதுதான் என் உத்தியோகம். பள்ளிக்கூடத்தில் இத்தனை வருடம் படிப்பித்ததைவிட இது கடினமாக இருக்கிறது.

நீங்கள் போன பிறகு நான் அழவில்லை. அதை முதலில் சொல்லிவிட வேண்டும். செத்தவீட்டுக்கு வந்த சனம் என் முகத்தை முகத்தைப் பார்த்தது. "அவ விறைச்சுப்போய் இருக்கிறா, அழ விடுங்கோ" என்று ஒருத்தி மற்றவளுக்குச் சொன்னது என் காதில் விழுந்தது. நான் விறைத்துப்போய் இருக்கவில்லை. பசித்தது, சாப்பிட்டேன். நித்திரை வந்தது, படுத்தேன். எட்டாம் நாள் சடங்குக்கும் அந்தியேட்டிக்கும் என்னென்ன சாமான் வேண்டும் என்று நானேதான் சொன்னேன். பல்லுக்கு ஊசி போட்ட பிறகு கன்னத்தைத் தொட்டால் அது வேறு யாருடையதோ மாதிரி இருக்குமே, அப்படித்தான் இருந்தது. இப்போதும் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கிறது.

துடக்குக் கழிந்து, வந்தவர்கள் எல்லாரும் போய், வீடு வெறுமையான பிறகுதான் நாயின் பிரச்சினை தொடங்கியது. நீங்கள் இருந்தவரை அவன் உங்கள் காலடியிலேயே நின்றான். கடைக்கும் வாசிகசாலைக்கும் தோட்டத்துக்கும் உங்கள் சைக்கிளுக்குப் பின்னால்தான் ஓட்டம். இப்போது பின்னால் ஓடுவதற்கு ஆள் இல்லை. காலை வெயில் ஏறத் தொடங்கினால் படலைக்குக் கீழே பூந்து வெளியே போய்விடுவான். போய்ச் செய்கிற வேலை, தில்லையண்ணையின் ஆடுகளைத் துரத்துவது.

பக்கத்து வளவு தில்லையண்ணை தன் ஆடுகளைக் காலையில் எங்கள் ஒழுங்கையால்தான் மேய்ச்சலுக்குத் தரவைவெளிக்குச் சாய்த்துக்கொண்டு போவார். இந்த மாரியோடு நிறையக் குட்டி போட்டிருக்கின்றன. பிறவுணிக்குக் கடிக்கிற எண்ணம் இல்லை என்றுதான் நான் நினைக்கிறேன். ஆனால் குட்டிக்கு அது தெரியுமா? ஒருநாள் ஒரு குட்டி மிரண்டு ஓடி முட்கம்பியில் விழுந்து தொடையைக் கிழித்துக்கொண்டது. தில்லையண்ணை அதைத் தூக்கிக்கொண்டு எங்கள் படலையடிக்கு வந்தார். உள்ளே வரவில்லை.

"தங்கச்சி, நீர் இருக்கிற நிலைமையில இதைக் கதைக்க எனக்கு மனமில்லை."

"பரவாயில்லை அண்ணை. சொல்லுங்கோ."

"உந்த நாயைக் கட்டும். இல்லாட்டில் சொல்லும், நான் சாக்கில போட்டுப் பாதையில ஏத்திக் காரைநகர்ப் பக்கம் விட்டிட்டு வாறன். அடிச்சுக் கொல்ல எனக்கு விருப்பமில்லை. ஆனால் ஒரு குட்டி செத்துதெண்டால் பிறகு நான் என்ன செய்வன் எண்டு எனக்கே தெரியாது."

அவரில் பிழை சொல்ல மாட்டேன். ஊரில் வேண்டாத நாய் பூனைக்கு நடக்கிறது அதுதானே. ஊர்காவற்றுறையிலிருந்து சனத்தையும் சைக்கிளையும் ஏற்றிக்கொண்டு கடல் கடக்கிற அந்த மிதவைப் பாதையில் ஒரு சாக்கும் போகும். கடலுக்கு அங்கால் விட்டால் திரும்பி வராது. கட்டியும் பார்த்தேன். கழுத்துத் தோல் உரியுமட்டும் இழுத்தான், இரண்டு நாள் வாயில் ஒன்றும் வைக்கவில்லை. அவிழ்த்துவிட்டேன். எனக்கு விருப்பமில்லாத நாய்தான். ஆனால் அவனும் போனால் இந்த வளவுக்குள் மூச்சு விடுவது நான் மட்டும்தான் என்று அன்றைக்கு விளங்கியது. "ஒரு மாசம் பாருங்கோ அண்ணை. கூப்பிட்டால் வரப் பழக்கிறன்" என்றேன். அவர் நாயைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். "நாயையோ?" என்றார்.

மகளுக்குச் சொன்னேன். உங்கள் மகளைத் தெரியும்தானே, லண்டனில் இருந்துகொண்டு எல்லாவற்றுக்கும் ஒரு வழி வைத்திருப்பாள். அங்கே அவர்களுடைய நாய் வகுப்புக்குப் போனதாம். "நாய்க்கும் ரியூசனோ பிள்ளை?" என்று கேட்டேன். "சிரியுங்கோ, சிரியுங்கோ" என்றாள். பிறகு ஒவ்வொன்றாகச் சொல்லித் தந்தாள். கூப்பிட்டு வந்தால் உடனே வாய்க்கு ருசியாக ஏதாவது கொடுக்க வேண்டும். எத்தனை பிந்தி வந்தாலும் ஏசக் கூடாது. கட்டுவதற்காகவோ குளிப்பாட்டுவதற்காகவோ ஒருநாளும் கூப்பிடக் கூடாது. எல்லாவற்றையும்விட, வந்தவுடன் திரும்பப் போகவும் விட வேண்டும். "கூப்பிட்டால் விளையாட்டு முடிஞ்சுது எண்டு அவன் நினைச்சால் பிறகு வரமாட்டான் அம்மா. வந்திட்டுத் திரும்பவும் போகலாம் எண்டு தெரிய வேணும்."

இப்படித்தான் கருவாடு என் பொக்கற்றுக்குள் வந்தது. வெள்ளிக்கிழமைக்கு மட்டும் தேங்காய்ச் சொட்டு. வெள்ளியில் நாய்க்கும் மரக்கறிதான் என்பது உங்கள் சட்டம், அதை நான் மாற்றவில்லை. தேங்காய்க்கு வெறுப்போடுதான் வருவான், ஆனால் வருவான்.

வளவுக்குள் அவன் கெட்டிக்காரன். கிணற்றடியிலிருந்து கூப்பிட்டால் வருவான், குசினி வாசலிலிருந்து கூப்பிட்டால் வருவான். பூவரசுக்குக் கீழே நித்திரை கொள்கிறவன் ஒரு குரலுக்கு எழும்பி ஓடி வருவான். இரண்டு கிழமையில் நான் பெரிய ஆள் ஆகிவிட்டேன் என்று நினைத்தேன். ஆனால் படலையைத் தாண்டினால் அவனுக்குக் காது இல்லை. படலையடிக்கு ஓடிப்போய் நிற்பேன், அவன் முதுகைக் காட்டிக்கொண்டு போய்க்கொண்டிருப்பான். நான் பேணியைத் தட்டுவேன், கையைத் தட்டுவேன். திரும்பியும் பார்க்கமாட்டான். செவிடாகிப் போனானோ என்றுகூட நினைத்தேன்.

"நீங்கள் கூப்பிடுறியளோ, பேணியைத் தட்டுறியளோ?" என்று மகள் கேட்டாள்.

"தட்டுறன்."

"ஏன் கூப்பிடேல்லை?"

ஏன் என்று அப்போதுதான் எனக்கே விளங்கியது. அவன் ஏன் திரும்புவதில்லை என்பதும் அதோடு சேர்ந்து விளங்கியது.

நீங்கள் அவனைப் பின்னால் நின்று கூப்பிட்டதே இல்லை. படலைக்கு வெளியே அவன் முதுகைக் காட்டிக்கொண்டு போனால் வாயை மூடிக்கொள்வீர்கள். சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு, வேலிப் பொட்டுக்குள்ளால் பூந்து, தில்லையண்ணையின் வளவைக் குறுக்கறுத்து, ஒழுங்கை முடிகிற இடத்துக்கு அவனுக்கு முன்னமே போய் நின்று, முகத்துக்கு முகம் பார்த்துத்தான் "பிறவுணி, வா" என்பீர்கள். ஒருநாள் நெருஞ்சி முள்ளும் குத்தி, இளைக்க இளைக்க நாயோடு வந்தீர்கள். நான் சிரித்து முடியவில்லை.

"நாய்க்கும் சகுனமோ?" என்று கேட்டேன்.

"அதுவும் ஒரு சீவன்தானே. வெளிக்கிட்ட சீவனைப் பின்னால கூப்பிடுறேல்லை" என்றீர்கள். விளையாட்டாகச் சொல்லவில்லை.

கலியாணம் முடித்து வந்த புதிதில் நான் இதற்கு உங்களோடு சண்டை பிடித்திருக்கிறேன். குடையை விட்டுவிட்டுப் போவீர்கள், கண்ணாடியை விட்டுவிட்டுப் போவீர்கள். நான் பின்னால் கூப்பிட்டால் அந்த இடத்திலேயே நின்று முகம் கறுத்துத் திரும்பி வருவீர்கள். வந்து கதிரையில் இருந்து ஒரு மிடறு தண்ணீர் குடித்து, ஒரு வார்த்தை பேசாமல் திரும்பப் புறப்படுவீர்கள். அன்றைக்கு முழுக்க முகம் நீண்டிருக்கும். "படிச்ச மனிசன்" என்று நான் முணுமுணுப்பேன். பிறகு ஒருநாள்தான் மாமியின் கதையைச் சொன்னீர்கள். மாமா, உங்கள் அப்பா, தெற்கில் சிங்கள ஊரில் கடை வைத்திருந்த காலம். வந்து நின்றுவிட்டுக் கடைக்குத் திரும்பப் புறப்பட்ட மனிதரை, சாப்பாட்டுப் பார்சலை விட்டுவிட்டுப் போகிறாரே என்று மாமி பின்னால் கூப்பிட்டுவிட்டா. மாமா வந்து தண்ணீர் குடித்துவிட்டுத்தான் போனார். ஆனாலும் அந்தப் பயணத்தில் கலவரம் வந்து கடை எரிந்து போயிற்று. நெருப்பு வைத்தவன் எவனோ. ஆனால் வீட்டில் எல்லாரும் சொன்னது மாமி கூப்பிட்டதை. "அம்மா சாகுமட்டும் பிறகு ஒருத்தரையும் பேர் சொல்லிக் கூப்பிடேல்லை" என்றீர்கள். அதற்குப் பிறகு நான் உங்களைப் பின்னால் கூப்பிட்டதில்லை. அந்தக் கதையில் எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது என்று இல்லை. உங்கள் முகத்தைப் பார்க்கப் பாவமாக இருந்தது.

அந்தக் காலையைப் பற்றியும் எழுதத்தான் வேண்டும். யாழ்ப்பாணம் பெரியாஸ்பத்திரியில் உங்களுக்குக் கிளினிக் நாள். முதல் பஸ்ஸைப் பிடிக்கப் புறப்பட்டீர்கள். குசினி வாசலில் நின்று "போட்டு வாறன்" என்றீர்கள், நான் "ஓம்" என்றேன். பிறவுணியும் நானும் படலை வரைக்கும் வந்தோம். நீங்கள் ஒழுங்கையில் நடக்கத் தொடங்கியபோதுதான் கண்டேன், உங்கள் சேட் முதுகோடு ஒட்டியிருந்தது. பனிக் குளிர் விலகாத நேரம். அந்த நேரத்தில் ஒரு மனிதனுக்கு முதுகு ஏன் வேர்க்க வேண்டும்? எனக்கு வாய் திறந்தது. நான் உங்களைக் கூப்பிடுகிற "இஞ்சாருங்கோ" நாக்கு நுனிக்கு வந்தது. மூடிக்கொண்டேன். நாயும் குரைக்காமல் என் பக்கத்தில் நின்றது. இரண்டு பேரும் நீங்கள் பழக்கிவிட்டபடியே நின்றோம்.

பட்டினத்துக்குக் கிட்டப் பண்ணைப் பாலம் வரும்போது நீங்கள் சீற்றில் சாய்ந்துவிட்டீர்களாம். பஸ்காரன் நல்லவன், இடையில் எங்கும் நிற்பாட்டாமல் நேரே ஆஸ்பத்திரி வாசலுக்குக் கொண்டுபோனான். கூப்பிட்டிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. வந்து கதிரையில் இருந்து, தண்ணீரைக் குடித்துவிட்டு, முகத்தை நீட்டிக்கொண்டு அடுத்த பஸ்ஸில் போயிருப்பீர்கள். அப்படித்தான் நடந்திருக்கும் என்று நினைக்கிறேன். வேறு விதமாகவும் நினைக்கிறேன். எதை நினைத்தாலும் நெஞ்சுக்குள் ஒன்றும் அசைவதில்லை, அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

ஆக, பழக வேண்டியது நாய் இல்லை. கருவாட்டுப் பேணியோடு படலையடியில் நின்று பார்த்தேன். அவன் முதுகு தெரிகிறது, வால் ஆடுகிறது, பெயர் என் வாயை விட்டு வெளியே வருவதில்லை. இத்தனை வருடம் வகுப்பில் கத்திய தொண்டை. ஒரு காலை, இரண்டு காலை, அப்படியே நின்றுவிட்டு உள்ளே வந்தேன். தில்லையண்ணை ஆடுகளை மறித்துக்கொண்டு, நாய் போகட்டும் என்று தடியோடு தன் படலையடியில் காத்து நிற்பார். நல்ல மனிதன்தான். ஆனால் தடி கையில் இருந்தது.

முதல் தடவை கூப்பிட்டபோது தூஷணம் சொன்ன மாதிரி இருந்தது. "பிறவுணி" என்றேன். சத்தம் எனக்கே கேட்டிராது. அவன் நிற்கவில்லை, ஆனால் ஒரு காது பின்னால் மடிந்தது. அடுத்த நாள் கொஞ்சம் உரத்துக் கூப்பிட்டேன். நின்றான். திரும்பவில்லை. பின்னால் இருந்து வருகிற குரல் தனக்குத்தானோ என்று அவனுக்குச் சந்தேகம். பாவம், அவன் வாழ்க்கையில் அப்படி ஒன்று நடந்ததில்லையே. மூன்றாம் தடவை தலையைத் திருப்பி என்னைப் பார்த்தான். நான் அப்படியே குந்தியிருந்து கையை நீட்டினேன். வந்தான். கருவாட்டைக் கொடுத்து, கழுத்தைத் தடவி, "போ" என்றேன். விளங்காமல் நின்றான். "போ ராசா, போட்டு வா" என்றேன். போனான். திரும்பக் கூப்பிட்டேன். வந்தான்.

அதன் பிறகு ஒவ்வொரு காலையும் இதே வேலை. போவான், கூப்பிடுவேன், வருவான், வாங்குவான், போவான். மகளுக்குச் சொன்னபோது "பாத்தியளே அம்மா, கூப்பிடுறதால ஒண்டும் கெட்டுப்போறேல்லை" என்றாள். அவள் நாயைப் பற்றித்தான் சொன்னாள். நான் போனை வைத்துவிட்டு அடுத்த நாளைக்கு நெத்தலி முறிக்கத் தொடங்கினேன்.

இன்று காலை நான் கிணற்றடியில் சட்டி கழுவிக்கொண்டிருந்தேன். ஆட்டுக்குட்டி ஒன்று கத்துகிற சத்தமும் தில்லையண்ணையின் குரலும் ஒன்றாகக் கேட்டன. ஈரக் கையோடு படலைக்கு ஓடினேன். மந்தையிலிருந்து பிரிந்த ஒரு குட்டி ஒழுங்கையில் நேராக ஓடுகிறது, பிறவுணி வயிறு நிலத்தில் முட்ட அதற்குப் பின்னால். குட்டிக்கு இரண்டு பக்கமும் முட்கம்பி. தில்லையண்ணை தடியை ஓங்கிக்கொண்டு அங்காலே இருந்து வருகிறார். இன்றைக்கு அவர் அடிப்பார் என்று எனக்குத் தெரிந்தது. எனக்கு ஓடிப் பிடிக்க ஏலாது. வேலிக்குள்ளால் பூந்து முன்னால் போய் நிற்கவும் நேரம் இல்லை. என்னிடம் இருந்தது அவனுடைய முதுகு மட்டும்தான்.

"பிறவுணி, வா."

நான் அப்படிக் கத்துவேன் என்று எனக்கே தெரியாது. அவன் நின்றான். நின்ற வேகத்தில் புழுதி எழும்பியது. குட்டியைப் பார்த்தான். பிறகு திரும்பி, காதைத் தாழ்த்திக்கொண்டு, முழு ஒழுங்கையையும் ஓடி என்னிடம் வந்தான். பொக்கற்றில் கிடந்த கருவாடு அவ்வளவையும் அவனுக்குக் கொடுத்தேன். பாதி நிலத்தில் விழுந்தது, பொறுக்கித் தின்றான்.

தில்லையண்ணை குட்டியைத் தூக்கிக் கால்களைத் தடவிப் பார்த்தார். தடியைக் கமக்கட்டுக்குள் வைத்துக்கொண்டு எங்களைப் பார்த்தார்.

"வருகுது, என்ன" என்றார்.

"ஓம் அண்ணை. வருகுது."

"அப்ப நிக்கட்டும். சாக்குக் கதையை விடுவம்." அவ்வளவுதான். ஆடுகளைச் சாய்த்துக்கொண்டு தரவைப் பக்கம் திரும்பி நடந்தார்.

நான் படலையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஒழுங்கை, உங்களை ஏற்றிப்போன பஸ் நிற்கிற தெரு வரைக்கும் நேராகத் தெரிந்தது. தொண்டை திறந்தபடியே இருந்தது. நான் யோசித்துச் செய்யவில்லை. "இஞ்சாருங்கோ" என்று கூப்பிட்டேன். நாயைக் கூப்பிட்ட அதே குரலில், உரத்து.

தில்லையண்ணை திரும்பினார். ஆடுகளை விட்டுவிட்டு இரண்டு அடி எடுத்து வைத்தார்.

"என்னையோ கூப்பிட்டனீர் தங்கச்சி?"

"இல்லை அண்ணை. நீங்கள் போங்கோ."

அவர் தலையைக் குனிந்துகொண்டு ஆடுகளுக்குப் பின்னால் போனார். இப்போதும் எனக்கு அழுகை வரவில்லை. படலையைச் சாத்திவிட்டு வந்து மிச்ச நெத்தலியை வறுத்தேன், அந்தக் கையோடுதான் இதை எழுதுகிறேன். நீங்கள் ஒழுங்கையைக் கடந்து போய்விட்டீர்கள். கூப்பிட எனக்கு இப்போதுதான் வாய் வந்திருக்கிறது.